உறுதி, எல்லை, ஆட்சி: திருகோணமலைக் காணி வழக்குகளில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

திருகோணமலை மாவட்டத்தில் காணிப் பிணக்கோடு நீதிமன்றப் படியேறுகிறவர்கள் பெரும்பாலும் ஒரே சந்தேகங்களைத்தான் கேட்கிறார்கள். அவர்கள் கேட்ட மாதிரியே கேள்விகளை எழுதி, கீழே பதில் தந்திருக்கிறோம். உறுதிக் காணிகளை, அதாவது நொத்தாரிஸ் எழுதிய உறுதிப் பத்திரத்தால் தனியாருக்குச் சொந்தமான காணிகளைப் பற்றியே அதிகம் பேசுகிறோம். பெர்மிட் காணியும் (அரசு அனுமதிப்பத்திரத்தில் கொடுத்த காணி) அரச காணியும் பின்னால் வருகின்றன. காணி யாருடையது, நிலத்தில் அது எந்தத் துண்டு, அதை யார் ஆண்டு அனுபவித்தார் (இதுதான் ஆட்சி) என்ற மூன்றையும் தனித்தனியாக நிரூபிக்க வேண்டியிருக்கும். ஒன்றைக் காட்டிவிட்டு மற்றதும் அதோடு வந்துவிடும் என்று நம்புகிறவர்கள்தான் அதிகம் தோற்கிறார்கள்.

1. உறுதி என்ர பெயரில இருக்கு. காணி எனக்குத்தான் எண்டு காட்ட அது காணாதா?

பெரும்பாலும் காணாது. உறுதி எழுதித் தந்தவரிடம் என்ன உரித்து (சட்டப்படியான சொந்த உரிமை) இருந்ததோ அதுமட்டுமே உங்களுக்கு வரும். அவரிடம் அரைவாசிப் பங்குதான் இருந்ததென்றால், உறுதியில் முழுக் காணி என்று எழுதியிருந்தாலும் உங்களுக்குக் கிடைத்தது அரைவாசிதான். எனவே உங்கள் உறுதிக்கு முந்திய உறுதி, அதற்கும் முந்தியது என்று பின்னோக்கிப் போகவேண்டும். அரசு கொடுத்த மூல அளிப்பு, பங்குபிரிப்பு வழக்கின் இறுதித் தீர்ப்பாணை, இரண்டு பக்கமும் ஒப்புக்கொள்ளும் ஒரு பழைய உரிமையாளர் ஆகிய ஏதாவதொன்றில் போய் நின்றால் அத்திவாரம் உறுதியாக இருக்கும்.

உரித்தைச் சொல்லிக் காணியை மீட்கக் கேட்கும் வழக்கில் நிரூபிக்கும் சுமை வழக்காளியின் தலையில்தான். வனிகரத்ன எதிர் ஜுவானிஸ் அப்புஹாமி (1962) வழக்கிலிருந்து இது திரும்பத் திரும்பச் சொல்லப்படுகிறது. "அவனிட்ட ஒரு துண்டுக் கடதாசியும் இல்லை" என்பது உங்கள் உரித்துக்குச் சான்றாகாது. நீங்கள் உரித்தை நிரூபித்த பிறகுதான், தான் எந்த உரிமையில் அங்கே இருக்கிறேன் என்று காட்டும் பொறுப்பு எதிராளிக்கு வரும்.

2. உறுதி செத்துப்போன அப்பாவின்ர பெயரில. எங்கட பேருக்கு மாத்தவே இல்லை. வழக்குப் போடலாமோ?

போடலாம். ஆனால் அப்பாவின் உரித்தோடு, அது உங்களுக்கு வந்த வழியையும் காட்டவேண்டும். அப்பாவின் மரணச் சான்றிதழ், பெற்றோரின் விவாகச் சான்றிதழ், பிள்ளைகள் எல்லாருடைய பிறப்புச் சான்றிதழ் ஆகியவை வேண்டும். பெயர் ஒரு பத்திரத்தில் ஒரு மாதிரியும் இன்னொன்றில் வேறு மாதிரியும் இருந்தால், இருவரும் ஒருவரே என்று சத்தியக்கடதாசியும் சாட்சியும் தேவை. மரணசாசன வழக்கு (இறந்தவரின் சொத்தை நிர்வகிக்க நீதிமன்ற அனுமதி கேட்கும் வழக்கு) தேவையா என்பது மரணச் சொத்தின் பெறுமதியைப் பொறுத்தது. முதலிலேயே சட்டத்தரணியிடம் கேளுங்கள்.

யாருக்கு எவ்வளவு பங்கு என்பது இறந்தவருக்கு எந்தச் சட்டம் பொருந்தும் என்பதில் தங்கியிருக்கிறது. பொதுச் சட்டப்படி, 1876ஆம் ஆண்டுக் கட்டளைச் சட்டத்தின் கீழ், வாழ்க்கைத்துணைக்கு அரைவாசி, மிச்ச அரைவாசி பிள்ளைகளுக்குச் சமமாக. யாழ்ப்பாணத்து ஆளாக இருந்தால் தேசவழமை என்ற மரபுச் சட்டம், முஸ்லிம்களுக்கு முஸ்லிம் சட்டம். திருகோணமலையில் மூன்று வகையினரும் அடுத்தடுத்த வளவுகளில் இருக்கிறார்கள். பக்கத்து வீட்டுப் பங்குக் கணக்கை உங்கள் வீட்டுக்குப் போடாதீர்கள்.

3. 90இல ஒருக்கா, 2006இல ஒருக்கா ஓடினதில உறுதி தொலைஞ்சு போச்சு. இனி என்ன செய்யிறது?

உறுதி தொலைந்ததால் உரித்து தொலையாது. நொத்தாரிஸ் ஓர் உறுதியை முடிக்கும்போது மூலம் உங்களிடம் வரும், இணைப்பிரதி காணிப் பதிவகத்துக்குப் போகும், மூன்றாவது பிரதி நொத்தாரிஸின் சொந்தக் கோவையில் இருக்கும். எனவே நொத்தாரிஸின் பெயர், உறுதி இலக்கம், திகதி ஆகிய மூன்றும் கிடைத்தால் திருகோணமலைக் காணிப் பதிவகத்தில் உறுதிப்படுத்திய பிரதிக்கு விண்ணப்பிக்கலாம்.

இலக்கமே ஞாபகம் இல்லையென்றால் சுற்றிவளைத்துத் தேடவேண்டும். வங்கியில் ஈடு வைத்திருந்தால் அந்த ஈட்டு உறுதியில் உங்கள் உறுதி இலக்கம் இருக்கும். ஒரே பெரிய காணியிலிருந்து பிரிந்த அயல் துண்டுகளின் உறுதியில் மூலக் காணியின் ஃபோலியோ, அதாவது பதிவேட்டுத் தொகுதியும் பக்க இலக்கமும், எழுதப்பட்டிருக்கும். அதைப் பிடித்து உங்கள் துண்டுக்கு வரலாம். உள்ளூராட்சி மன்றத்தின் வரி இடாப்பு, கட்டட அனுமதிக் கோவை, பழைய வழக்குக் கோவை, காணியை அளந்த சேவயரின் பதிவு ஆகியவற்றையும் விடாதீர்கள். பொலிஸில் தொலைந்ததாக ஒரு முறைப்பாடு போட்டு அதன் பிரதியை வைத்திருங்கள். மூலம் ஏன் கையில் இல்லை என்று நீதிமன்றம் கட்டாயம் கேட்கும். பிரதியைச் சான்றாக ஏற்க அந்தக் காரணம் வேண்டும்.

4. பதிவகத்தில "தேடல்" செய்தால் எதைப் பார்க்கவேணும்?

உங்கள் உறுதியின் பதிவை மட்டும் பார்த்துவிட்டுத் திரும்பாதீர்கள். அந்த ஃபோலியோவில் இருக்கும் எல்லாப் பதிவுகளையும், முன்னும் பின்னும் கொண்டுபோகப்பட்ட பக்கங்களையும் எடுங்கள். விற்பனை, நன்கொடை, சீதனம், ஈடு, வழக்குப் பதிவு எல்லாம் அதில் வரும். குறைந்தது 30 வருடத்துக்காவது பின்னால் போங்கள். அதே காணிக்கு வேறொரு ஃபோலியோ புதிதாகத் திறக்கப்பட்டிருக்கிறதா என்பதுதான் கவனிக்கவேண்டிய ஆபத்து. 11ஆம் கேள்வியில் வரும் ஆட்சி உறுதிகள் (காணியை ஆண்டதாக ஒருவர் தானே எழுதிக்கொள்ளும் உறுதிகள்) அநேகமாக இப்படித்தான் நுழைகின்றன.

5. இது ஆரின்ர காணி எண்டு ஊருக்கே தெரியும். ஏன் சேவயருக்குக் காசு குடுக்கவேணும்?

நல்ல உறுதி வைத்திருந்தவர்கள் கூடத் தோற்பது இந்த இடத்தில்தான். உறுதியில் சொல்லப்பட்ட காணியும், எதிராளி பிடித்திருக்கும் நிலமும் ஒன்றே என்று நீங்கள் நிரூபிக்கவேண்டும். குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 41ஆம் பிரிவு, காணியை எல்லை, அளவு அல்லது வரைபடத்தால் திட்டமாக விவரிக்கச் சொல்கிறது. "சாம்பல்தீவில் உள்ள தென்னந்தோட்டம், வடக்கு: கந்தையா காணி" என்று 1950களில் எழுதிய அட்டவணையை அப்படியே வழக்குரையில் ஒட்டினால், இன்றைக்குக் கந்தையா காணி ஐந்து துண்டாகி ஐந்து பேரிடம் இருக்கும். தீர்ப்பு உங்கள் பக்கம் வந்தாலும் அதை நிறைவேற்ற வருகிற நீதிமன்ற அதிகாரியான பிஸ்கால் எந்தத் துண்டைக் கையளிப்பார்?

வழக்குப் போட்டதும் நீதிமன்றத்தின் மூலம் அனுமதிபெற்ற நில அளவையாளருக்கு ஆணை அனுப்பக் கேளுங்கள். பழைய பிளான் இருந்தால், அதைப் புதிய பிளானின் மேல் பொருத்திக் காட்டும்படி ஆணையிலேயே எழுதவேண்டும். எழுதாவிட்டால் அவர் இருக்கிற வேலியை மட்டும் அளந்துவிட்டுப் போய்விடுவார். பொருத்துவதற்கு மாறாத புள்ளிகள் தேவை: பழைய கிணறு, கோயில் மதில், தெரு ஓரம், மதகு, பக்கத்துக் காணியின் எல்லைக் கல். கதியாலும் கம்பிவேலியும் இடம் மாறும். நிலாவெளி, சல்லி மாதிரிக் கரையோரத்தில் 2004 சுனாமிக்குப் பிறகு வேலி, கல், மரம் எதுவுமே மிஞ்சாத காணிகள் உண்டு. அங்கே உள்பக்கத்துத் தெருவிலிருந்து அளந்து வரவேண்டியிருக்கும். நில அளவைத் திணைக்களத்தின் பழைய வரைபடங்களும் விமானப் படங்களும் அங்கே உதவும்.

அளக்கும் நாளில் நீங்கள் கட்டாயம் நிற்கவேண்டும். யார் எந்த எல்லையைக் காட்டினார், யார் எந்தக் கிணற்றையும் மரத்தையும் தன்னுடையது என்றார் என்பதைச் சேவயர் அறிக்கையில் எழுதுவார். அன்றைக்கு எதிராளி ஒன்றும் சொல்லாமல் நின்றதும் பின்னர் விசாரணையில் பேசப்படும். நீங்கள் தனியாக ஆள் பிடித்து, எதிர்ப்பக்கத்துக்குச் சொல்லாமல், உங்கள் காட்டுதலில் மட்டும் எடுத்த பிளானுக்கு அவ்வளவு நிறை இராது.

6. உறுதியில 20 பேர்ச். அளந்தா 17 தான் வருது. மிச்ச மூண்டை ஆர் பிடிச்சது?

யாரும் பிடிக்காமலும் இருக்கலாம். பழைய உறுதிகளில் அளவு கண்மட்டத்தில் எழுதப்பட்டதுண்டு. நிலத்தில் தெளிவாக அடையாளம் காணக்கூடிய எல்லை ஒருபுறமும், எழுதிய அளவு மறுபுறமும் முரண்பட்டால், பொதுவாக எல்லைக்குத்தான் மதிப்பு. தெரு அகலித்ததில் போனதா, அயலவரின் பிளானில் அவருக்கு உறுதியில் உள்ளதைவிடக் கூட வருகிறதா என்று முதலில் பாருங்கள். அயலவரிடம் 3 பேர்ச் கூடவாகவும் உங்களிடம் 3 பேர்ச் குறைவாகவும் வந்தால்தான் பேச்சுக்கு இடம் உண்டு. முன்பு இருந்த எல்லை அழிந்துபோனதுதான் பிரச்சினை என்றால், உரித்து வழக்கு வேண்டாம்; எல்லையை வரையறுக்கும் வழக்கே போதும்.

7. சோலைவரி நாங்கதான் கட்டுறம். கரண்ட் பில்லும் எங்கட பேரில. அது ஆட்சிக்குச் சாட்சிதானே?

துணைச் சான்று, தனியாக நிற்காது. காணிக்குச் சொந்தமில்லாதவரும் வரி கட்டலாம், வாடகைக்கு இருப்பவரின் பெயரிலும் மின்பட்டியல் வரலாம். நீதிமன்றம் தேடுவது நிலத்தில் நடந்த செயல்களை. சிராஜுதீன் எதிர் அப்பாஸ் (1994) வழக்கில், சாட்சிகள் "அவர் ஆட்சி செய்தார்" என்று பொதுவாகச் சொல்வது போதாது, எப்படி ஆண்டார் என்ற விவரம் வேண்டும் என்று உயர்நீதிமன்றம் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. வேலி எந்த ஆண்டு யார் அடைத்தது, தேங்காய் யார் பறித்து யாருக்கு விற்றது, கிணறு எப்போது வெட்டியது, யாருக்குக் குத்தகைக்குக் கொடுத்தது, வயலென்றால் எந்தப் போகம் யார் விதைத்தது. சாட்சி இப்படிப் பேசவேண்டும். அந்தக் காணியில் கால்வைத்தே இராத கிராம சேவகரின் கடிதத்தைவிட, அங்கே தேங்காய் பறித்த ஆளின் வாய்மொழி பலமானது.

தொலைபேசியில் எடுத்த படங்களும் வீடியோவும் உதவும். ஆனால் 1995ஆம் ஆண்டின் 14ஆம் இலக்கச் சான்று (விசேட ஏற்பாடுகள்) சட்டப்படி, அவற்றைக் காட்டப்போவதாக விசாரணைக்கு 45 நாட்களுக்கு முன்பே எதிர்ப்பக்கத்துக்கு அறிவித்தல் கொடுக்கவேண்டும். மூலத் தொலைபேசியை விற்றுவிடாதீர்கள்.

8. பத்து வருசம் இருந்தா காணி சொந்தமாகிடுமாமே?

எண்ணிக்கை மட்டும் போதுமென்றால் வாடகைக்காரர் எல்லாரும் வீட்டுக்காரர் ஆகியிருப்பார்கள். 1871ஆம் ஆண்டின் 22ஆம் இலக்கக் காலவிதிப்புக் கட்டளைச் சட்டத்தின் 3ஆம் பிரிவு, 10 வருடம் இடையூறின்றி, இடைவிடாமல், உரிமையாளரின் உரிமைக்கு எதிராகவோ அதற்குச் சம்பந்தமில்லாமலோ ஆண்டிருக்க வேண்டும் என்கிறது. அந்த 10 வருடத்தில் வாடகை கொடுத்ததோ, "உங்கட காணிதான், கொஞ்சநாள் இருந்திட்டுப் போறம்" என்று கடிதம் எழுதியதோ இருந்தால் கோரிக்கை உடைந்துவிடும்.

இதைக் கோருகிறவர்தான் நிரூபிக்கவேண்டும். எந்த நாளிலிருந்து எதிரான ஆட்சி தொடங்கியது என்பதையும் அவரே சொல்லவேண்டும். அனுமதியோடு நுழைந்தவர், வாடகைக்காரர், காவலாள், அற்றோர்னித் தத்துவம் பெற்றவர் (உரிமையாளருக்காகச் செயற்பட எழுத்தில் அதிகாரம் பெற்றவர்) ஆகியோரின் ஆட்சி உரிமையாளருக்காக நடந்த ஆட்சியாகவே கருதப்படும். அந்த நிலையை உதறிவிட்டேன் என்று உரிமையாளருக்குத் தெரியும்படி வெளிப்படையான ஒரு செயல் செய்யும்வரை பத்து வருடக் கணக்கு தொடங்காது. நகுத மரிக்கார் எதிர் முகம்மது (1903) என்ற பழைய தீர்ப்பு இன்றைக்கும் இதற்கு மேற்கோள் காட்டப்படுகிறது.

9. சொந்தக்காரரைப் பார்த்துக்கொள்ளச் சொல்லிப்போட்டு வெளிநாடு போனம். இப்ப அவையள் தங்கட காணி எண்டினம்.

8இல் சொன்னபடி, அனுமதியில் இருந்தவர்கள் என்பதைக் காட்டினால் உங்கள் கை ஓங்கும். பழைய கடிதம், வேலி அடைக்கக் காசு அனுப்பிய பற்றுச்சீட்டு, "வளவு துப்புரவாக்கியாச்சு அண்ணா" என்று வந்த தொலைபேசிச் செய்தி எல்லாவற்றையும் திகதி வரிசையில் அடுக்குங்கள். பிறகு சட்டத்தரணி மூலம் அனுமதியை முடிவுறுத்தி எழுத்தில் அறிவித்தல் கொடுத்து, காணியை ஒப்படைக்கத் திகதி போட்டு, பதிவுத் தபாலில் அனுப்பி, வழக்கைப் போடுங்கள். அறிவித்தல் அனுப்பிவிட்டு வருடக்கணக்கில் பேசாமல் இருப்பதுதான் கூடாது.

அனுமதி எதுவும் கொடுக்காமல் இடம்பெயர்ந்து போனபோது யாரோ வந்து குடியேறியிருந்தால் கணக்கு வேறு. கடல் கடந்து இருந்ததைக் காலவிதிப்புக் கட்டளைச் சட்டத்தின் 13ஆம் பிரிவு ஓர் இயலாமையாக ஏற்கிறது. ஆனால் வழக்குப் போடும் உரிமை பிறந்த நேரத்திலேயே நீங்கள் வெளிநாட்டில் இருந்திருக்கவேண்டும். காலம் ஓடத் தொடங்கிய பிறகு விமானம் ஏறினால் அது நிற்காது. போரினால் உரிமையைக் கோர முடியாமற்போனவர்களுக்காக 2016ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கக் காலவிதிப்பு (விசேட ஏற்பாடுகள்) சட்டம் 1983 மே 1 முதல் 2009 மே 18 வரையான காலத்தைக் கணக்கிலிருந்து நீக்க இடம்தந்தது. அதற்கும் நிபந்தனையும் காலவரம்பும் உண்டு. போர் முடிந்ததிலிருந்து எண்ணினாலும் 10 வருடம் 2019இலேயே முடிந்துவிட்டது. சம்பூரிலோ தென்னைமரவாடியிலோ காணியை விட்டுவிட்டுக் கனடாவிலோ சுவிஸிலோ இருப்பவர்கள் இதை மனதில் பதித்துக்கொள்ளவேண்டும்.

10. சகோதரங்களுக்குப் பொதுக்காணி. 25 வருசமா நான் மட்டும்தான் இருக்கிறன். அப்ப எனக்குத்தானே?

இல்லை என்றே எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு பங்காளியின் ஆட்சி எல்லாப் பங்காளிகளுக்குமான ஆட்சி என்று கொரெயா எதிர் இசேரிஸ் அப்புஹாமி (1911) வழக்கில் அன்றைய இறுதி மேன்முறையீட்டு மன்றமான லண்டன் கோமறைக் கழகம் சொன்னது இன்றும் நிற்கிறது. மற்றவர்களை வெளிப்படையாக வெளியேற்றி, அவர்கள் உரிமையை மறுத்து, அதன் பிறகு 10 வருடம் போகவேண்டும். மிக நீண்ட ஆட்சியும் சூழ்நிலையும் சேர்ந்தால் அப்படியொரு வெளியேற்றம் நடந்ததாக ஊகிக்கலாம் என்று திலகரட்ண எதிர் பஸ்தியான் (1918) வழிவிட்டது. ஆனால் வரி கட்டியது, விளைச்சலை எடுத்தது, தனியாகப் பிளான் வரைந்தது ஆகியவை மட்டும் அந்த ஊகத்துக்குப் போதாது.

சகோதரங்களோடு ஒத்துவராவிட்டால் நேரான வழி 1977ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ் பங்குபிரிப்பு வழக்கு. நீங்கள் கட்டிய வீட்டையும் வைத்த மரத்தையும் சேவயரின் அறிக்கையில் உங்கள் பெயரில் எழுதவைத்தால் அவற்றுக்கான நட்டஈட்டைக் கேட்கலாம். 25 வருட உழைப்பைக் காப்பாற்ற அதுவே நடைமுறைக்கு ஏற்றது.

11. ஆட்சி உறுதி முடிச்சு வச்சிருக்கிறன். உறுதிதானே அதுவும்?

அது நீங்களே உங்களைப் பற்றிச் சொன்ன ஓர் அறிக்கை. வேறு யாரும் உங்களுக்கு எதையும் கைமாற்றவில்லை. 10 வருட ஆட்சி உண்மையாக இருந்தால் 7இல் சொன்ன செயல்களால் அதைத் தனியாக நிரூபிக்கவேண்டும்; இல்லாவிட்டால் ஆட்சி உறுதி அதை உண்டாக்காது. அதற்கு ஒரு பயன் மட்டும் உண்டு: பதிந்திருந்தால், நீங்கள் காணியை உங்களுடையது என்று வெளிப்படையாகச் சொன்ன திகதிக்கு அது சான்று. ஆட்சி உறுதியை மட்டும் நம்பிக் காணி வாங்காதீர்கள்.

12. ராத்திரியோட ராத்திரியா வேலியைப் பிடுங்கிப்போட்டு உள்ளுக்கு வந்திட்டாங்கள். எங்க ஓடுறது?

முதலில் பொலிஸுக்கு, அன்றைக்கே. முறைப்பாட்டில் நாள், நேரம், யார் வந்தார்கள், எந்தப் பக்க வேலி என்று எழுதவையுங்கள், பிரதி எடுங்கள், பிடுங்கிய கதியாலைப் படம் எடுங்கள். சமாதானக் குலைவு ஏற்படும் நிலை இருந்தால், 1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்க ஆரம்ப நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 66ஆம் பிரிவின் கீழ் பொலிஸார் வழக்கைத் தாக்கல் செய்வார்கள். அவர்கள் இழுத்தடித்தால் நீங்களே சத்தியக்கடதாசியோடு தாக்கல் செய்யலாம்.

இங்கே திகதிதான் எல்லாம். அந்த வழக்கு நீதிமன்றத்தில் தாக்கலான நாளில் யார் ஆட்சியில் இருந்தார் என்பதை நீதிபதி பார்ப்பார். அந்த நாளுக்கு முந்திய 2 மாதத்துக்குள் பலாத்காரமாக வெளியேற்றப்பட்டவர் என்றால் உங்களைத் திரும்ப இருத்துவார். பெரியவர்களை வைத்துப் பேசிப்பார்ப்போம் என்று மூன்றாவது மாதத்துக்குப் போய்விட்டால் இந்தக் கதவு மூடிவிடும். பிறகு மிஞ்சுவது காலவிதிப்புக் கட்டளைச் சட்டத்தின் 4ஆம் பிரிவின் கீழ் மாவட்ட நீதிமன்றத்தில் ஆட்சியை மீட்கும் வழக்கு. வெளியேற்றிய நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் போடவேண்டும். உரித்தை நிரூபிக்கத் தேவையில்லை.

13. 66 வழக்கில வெண்டிட்டன். இனிக் காணி என்ர தானே?

இல்லை. அந்தக் கட்டளை அடிபிடியைத் தடுக்க வந்த தற்காலிக ஏற்பாடு. ராமலிங்கம் எதிர் தங்கராஜா (1982) வழக்கில் நீதியரசர் சர்வானந்தா இதைத் தெளிவாக விளக்கியிருக்கிறார்: உரித்து யாருடையது என்பதை அந்த நீதிமன்றம் தீர்மானிப்பதில்லை. தோற்றவர் மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குப் போட்டு வெல்லலாம். 66 கட்டளைக்கு மேன்முறையீடு கிடையாது. மாகாண மேல்நீதிமன்றத்தில் மீளாய்வு மட்டும் கேட்கலாம். சத்தியக்கடதாசியில் அவசரத்தில் எழுதும் ஒரு பொய், பின்னால் மாவட்ட நீதிமன்றத்தில் உங்கள் முன்னாலேயே வாசிக்கப்படும். எனவே அதை ஆறுதலாக எழுதுங்கள்.

14. அவசரத்துக்குக் காசு வாங்கி அறுதி உறுதி எழுதிக் குடுத்தனான். காசைக் குடுத்தா காணியைத் திருப்பித் தாறன் எண்டவர். இப்ப மாட்டன் எண்டுறார்.

அறுதி உறுதி, அதாவது முழு விற்பனை உறுதி, எழுதிக் கொடுத்திருந்தாலும் இது முற்றாகக் கைவிடவேண்டிய வழக்கு அல்ல. நம்பிக்கைப் பொறுப்புக் கட்டளைச் சட்டத்தின் 83ஆம் பிரிவு, சுற்றியுள்ள சூழ்நிலையைப் பார்த்தால் காணியின் அனுபவ உரிமையை உண்மையில் விட்டுக்கொடுக்க நினைக்கவில்லை என்று தெரிந்தால், வாங்கியவர் அதை உங்களுக்காக வைத்திருப்பவர் என்கிறது. உறுதி எழுதிய பிறகும் நீங்கள்தான் வீட்டில் இருந்தீர்களா, எழுதிய தொகை காணியின் பெறுமதியைவிட மிகக் குறைவா, நொத்தாரிஸ் செலவும் முத்திரைச் செலவும் நீங்கள் கொடுத்தீர்களா, மாதாமாதம் வட்டி போனதா என்பவை பார்க்கப்படும். வட்டி கொடுத்த ஒவ்வொரு துண்டும் தங்கம்.

தாமதிக்கவேண்டாம். அவர் விஷயம் தெரியாத மூன்றாம் ஆளுக்கு நல்ல விலைக்கு விற்றுவிட்டால் அந்த ஆளைச் சட்டம் பாதுகாக்கும். வழக்கைப் போட்ட கையோடு அதைக் காணிப் பதிவகத்தில் பதிவித்துவிடுங்கள்.

15. ஒரே காணியை எனக்கும் வித்து, இன்னொரு ஆளுக்கும் வித்திருக்கு. என்ர உறுதிதான் முந்தினது.

முந்தி எழுதியதா என்பதோடு, முந்திப் பதிந்ததா என்பதையும் பார்க்கவேண்டும். 1927ஆம் ஆண்டின் 23ஆம் இலக்க ஆவணப் பதிவுக் கட்டளைச் சட்டத்தின் 7ஆம் பிரிவுப்படி, பெறுமதி கொடுத்து வாங்கிய பிந்திய உறுதிக்காரர் முதலில் பதிந்திருந்தால் அவருக்கே முன்னுரிமை. நன்கொடையாகப் பெற்றவருக்கு அந்தப் பலன் இல்லை. மோசடி அல்லது கூட்டுச்சதி நிரூபிக்கப்பட்டாலும் முன்னுரிமை போய்விடும். பிழையான ஃபோலியோவில் பதிந்ததும் சரியான பதிவாகாது. 4இல் சொன்ன முழுத் தேடல் இதற்காகத்தான்.

16. கந்தளாயில பெர்மிட் காணி ஒண்டு வாங்கினன். கடதாசி எழுதி ரெண்டு சாட்சியும் வச்சிருக்கு.

கந்தளாய், அல்லை விஸ்தரிப்பு, மொறவெவ மாதிரிக் குடியேற்றத் திட்டக் காணிகள் பெரும்பாலும் 1935ஆம் ஆண்டின் 19ஆம் இலக்கக் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் கீழ் வருபவை. பெர்மிட் காணியை விற்க முடியாது. அளிப்புப் பத்திரம் கிடைத்த காணியென்றாலும் பிரதேச செயலாளரின் எழுத்துமூலச் சம்மதம் வேண்டும். வெள்ளைக் கடதாசியில் எத்தனை சாட்சி வைத்தாலும் உரித்து மாறாது. 8இல் சொன்ன 10 வருட ஆட்சியும் இந்தக் காணிகளில் செல்லாது. 161ஆம் பிரிவு அதை நேரடியாகத் தடுக்கிறது.

பெர்மிட்காரர் இறந்தால், நியமிக்கப்பட்ட பின்னுரித்தாளர் யார் என்பதைப் பிரதேச செயலகக் கோவையில் பாருங்கள். வாழ்க்கைத்துணை 6 மாதத்துக்குள் ஆட்சியை ஏற்கவேண்டும். நியமனம் இல்லாத இடத்தில் ஆண்பிள்ளைக்கு முதலிடம் என்றிருந்த வரிசையை 2022ஆம் ஆண்டின் திருத்தம் நீக்கியது. அதனால் மூத்த மகளும் கேட்கலாம்.

17. உறுதிக் காணிதான். இடம்பெயர்ந்து வந்து பார்த்தா காடு பத்திக் கிடக்கு. அரச காணி எண்டு வெளியேறச் சொல்லி நோட்டீஸ் வந்திருக்கு.

1979ஆம் ஆண்டின் 7ஆம் இலக்க அரச காணிகள் (ஆட்சியை மீளப்பெறல்) சட்டத்தின் கீழ் வந்த நோட்டீஸா என்று பாருங்கள். அப்படியென்றால் குறைந்தது 30 நாள் தவணை தந்திருப்பார்கள். அந்த நாட்கள் முடிந்தபின் நீதவான் நீதிமன்றத்தில் உறுதியைக் காட்டிப் பேசலாம் என்று காத்திருக்கவேண்டாம். அங்கே அரசின் செல்லுபடியான அனுமதியோ வேறு எழுத்துமூல அதிகாரமோ இருக்கிறது என்பதைத் தவிர வேறு எதிர்வாதம் எடுபடாது. தனியார் காணியை அரச காணியென்று கொள்வதை எதிர்த்து எழுத்தாணை (அதிகாரியின் முடிவை இரத்துச்செய்யும் அல்லது தடுக்கும் நீதிமன்றக் கட்டளை) கேட்கவேண்டும். 2013இல் சொலைமுத்து ராசு வழக்கில் உயர்நீதிமன்றம் தீர்ப்பளித்த பிறகு அதற்குப் போகும் இடம் கொழும்பிலுள்ள மேன்முறையீட்டு நீதிமன்றம். வெளியேற்றக் கட்டளை வந்துவிட்டாலும் 6 மாதத்துக்குள் உரித்தை நிலைநாட்டும் வழக்குப் போடும் உரிமை உண்டு.

காடு, தரிசு, உழாத நிலம் அரசுடையது என்ற ஊகம் 1840ஆம் ஆண்டிலிருந்தே இருக்கிறது. அதை உடைக்க மூல உறுதி, பழைய பிளான், இடம்பெயர முன் இருந்த கிணறு, வீட்டு அத்திவாரம், நட்ட தென்னையின் வயது எல்லாம் வேண்டும். துப்புரவாக்கும்போது பழைய அத்திவாரத்தை இடிக்காதீர்கள்.

18. உறுதியை "நிரூபிக்கவேணும்" எண்டு எதிர்ப்பக்கம் சொல்லுது. நொத்தாரிஸும் செத்திட்டார், சாட்சியளும் இல்லை.

சான்றுக் கட்டளைச் சட்டத்தின் 68ஆம் பிரிவுப்படி, உறுதியில் கையெழுத்திட்ட சாட்சிகளில் ஒருவரையாவது அழைக்கவேண்டும். உறுதி எழுதியவரை நொத்தாரிஸுக்கு நேரே தெரிந்திருந்தால் அவரையும் சாட்சியாக அழைக்கலாம். எல்லாரும் இறந்திருந்தால் மரணச் சான்றிதழ்களோடு, அவர்களுடைய கையெழுத்தை அறிந்த ஒருவரைக் கூப்பிட்டுக் கையெழுத்தை அடையாளம் காட்டவைக்கவேண்டும். உறுதிக்கு 30 வருடம் கடந்து, அது இருக்கவேண்டியவரின் கையிலிருந்து வந்திருந்தால் அது முறைப்படி எழுதப்பட்டது என்று கொள்ளும் 90ஆம் பிரிவின் ஊகம் உதவும்.

குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவைக்கு 2022ஆம் ஆண்டின் 17ஆம் இலக்கச் சட்டம் செய்த திருத்தத்துக்குப் பிறகு, உறுதியின் உண்மைத்தன்மையை எதிர்ப்பக்கம் தன் மறுமொழியிலோ எழுவினாவிலோ (விசாரணையில் தீர்க்க எழுப்பும் கேள்வி) எதிர்க்காவிட்டால் இந்த முறையான நிரூபணம் பொதுவாகத் தேவையில்லை. அதனால் மறுமொழியை வரிவரியாக வாசித்து, எந்த உறுதி எதிர்க்கப்பட்டிருக்கிறது என்று குறித்து, அதற்கு மட்டும் சாட்சியைத் தயாராக்குங்கள். "நிரூபணத்துக்குட்பட்டு" என்று குறிக்கப்பட்ட பத்திரத்துக்கு, உங்கள் பக்கச் சாட்சியம் முடியும்போது எதிர்ப்பக்கம் மறுபடி ஆட்சேபிக்காவிட்டால் அது சான்றாகிவிடும். அந்த நாளில் ஆட்சேபம் சொல்லப்பட்டதா இல்லையா என்பது நீதிமன்றக் குறிப்பில் சரியாகப் பதியப்பட்டிருக்கிறதா என்று உங்கள் சட்டத்தரணியைப் பார்க்கச் சொல்லுங்கள்.